இருண்ட திரைக்கு ஒரு துபாஷி



இப்பகுதிக்கு வாரந்தோறும் வரும் கடிதங்களிற் பெரும்பாலானவை ஒரே வினாவைச் சுற்றி வருவன. இன்ன பொருளை வாங்கலாமா, வேண்டாமா என்பதே அது. சில வாரங்களுக்கு முன் பசறைப் பக்கத்துத் தேயிலைத் தோட்டம் ஒன்றிலிருந்து வந்த கடிதம் அவ்வகையினதன்று. எழுதியவர் உயர்தர வகுப்பிற் பயிலும் ஒரு மாணவி. "வாங்கியாயிற்று, பூட்டியாயிற்று, படம் மட்டும் வரவில்லை. பரீட்சைக்கு இன்னும் மூன்று மாதமே இருக்கின்றது. நான் என்ன செய்யட்டும்?" என்று கேட்டிருந்தார். அக்கடிதத்தை மேசைமேல் வைத்துவிட்டு வேறு வேலை பார்க்க நமக்கு மனம் வரவில்லை.

விஷயம் இதுதான். கொழும்பிலே கடை ஒன்றில் வேலை செய்யும் அண்ணன், இரண்டாங் கையாக ஒரு மடிக்கணினியை வாங்கித் தங்கைக்குக் கொடுத்திருந்தார். பழைய வினாத்தாள்களையும், கல்வி அமைச்சின் ஈ-தக்சலாவ தளத்திலுள்ள பாடங்களையும் பாடசாலையிலிருந்து பதிவிறக்கிக்கொண்டு வந்து, இரவில் வீட்டிலிருந்து படிப்பது அம்மாணவியின் வழக்கம். ஒருநாள் இஸ்தோப்பிலே பலகைமேல் இருந்த கணினி கீழே விழுந்தது. திரையின் இடப்பாதி கறுத்துப் போயிற்று. வெளித்திரையை இணைக்கும் எச்.டி.எம்.ஐ. துளையும் அதே விழுகையில் நெளிந்து போயிற்று.

புதுத் திரை பூட்டலாமே என்பீர்கள். பூட்டலாம். ஆனால் 2022ஆம் ஆண்டின் தொடக்கத்தில் ஒரு டொலருக்கு ஏறத்தாழ 200 ரூபாயாக இருந்த நாணய மதிப்பு, அவ்வாண்டு மே மாதத்திற்குள் 360 ரூபாயளவிற்கு வீழ்ந்ததை நேயர்கள் மறந்திருக்க மாட்டார்கள். இறக்குமதியாகும் கணினிப் பொருள்களின் விலை அன்று ஏறியது ஏறியதுதான். திரை மாற்றுவதற்குக் கேட்ட தொகை, கணினி வாங்கிய விலையிற் பாதிக்கும் மேலாயிருந்தது. தாயார் மலையிற் கொழுந்து பறிக்கின்றார். தந்தையார் ஸ்டோரிலே வேலை. அவர்களால் இயன்ற காரியமன்று.

இந்நிலையில் ஆசிரியர் ஒருவர் தம் வீட்டில் தூசி படிந்து கிடந்த பழைய மொனிட்டர் ஒன்றை மாணவிக்கு ஈந்தார். அதன் பின்புறத்தில் இருந்ததோ பதினைந்து ஊசிகளைக் கொண்ட வீ.ஜீ.ஏ. துளை. தந்தையார் பதுளைக்குச் சென்று, யூ.எஸ்.பி. துளையிற் செருகி வீ.ஜீ.ஏ. மொனிட்டரை இயக்கும் அடாப்டர் ஒன்றை வாங்கி வந்தார். செருகினார்கள். மொனிட்டர் கறுப்பாகவே இருந்தது.

நாம் அங்கே சென்ற நாளில் நமுனுகுல மலையை மூடுபனி மறைத்திருந்தது. தந்தையார் நம்மை வரவேற்று உட்காரவைத்துவிட்டு, முதலிற் சொன்ன சொல் இது: "ஐயா, கடையில சொருகினா போதும், படம் வரும்னுதான் சொன்னாங்க. நான்தான் ஏமாந்துட்டேனோ?"

அவர் ஏமாறவில்லை. பொருள் நல்ல பொருள்தான். அதனுடன் வரவேண்டிய ஓர் ஆள் வரவில்லை, அவ்வளவே. அந்த ஆள் யார் என்பதைச் சொல்வதே இவ்வாரத்துக் கட்டுரையின் நோக்கம்.

மூவகை அடாப்டர்கள்

கடையிற் பார்க்கும்போது எல்லா அடாப்டர்களும் ஒரு சாண் வயரும் ஒரு சிறு பெட்டியுமாக ஒன்றுபோலவே தோன்றும். உள்ளேயோ அவை மூவகைப்படும்.

முதல் வகை, எச்.டி.எம்.ஐ. துளையிலிருந்து வீ.ஜீ.ஏ. மொனிட்டருக்குச் செல்வது. வீ.ஜீ.ஏ. என்பது 1987ஆம் ஆண்டில் ஐ.பி.எம். நிறுவனம் கொண்டுவந்த முறை. அதிலே படம் மின்னழுத்தத்தின் ஏற்ற இறக்கமாகச் செல்கின்றது. எச்.டி.எம்.ஐ.யில் அது எண்களாகச் செல்கின்றது. ஒன்றை மற்றொன்றாக மாற்றும் சிறு சில்லு இவ்வகை அடாப்டரின் உள்ளே உண்டு. கணினியைப் பொறுத்தவரை இது மற்றுமொரு மொனிட்டரே. ஆகவே தனியாக எதையும் நிறுவ வேண்டியதில்லை.

இரண்டாம் வகை, புதிய கணினிகளிற் காணப்படும் யூ.எஸ்.பி.-சி துளையிற் செருகுவது. அத்துளைகளிற் சிலவற்றில், 2014ஆம் ஆண்டில் அறிவிக்கப்பட்ட டிஸ்பிளேபோர்ட் மாற்றுமுறையின்படி, கணினியின் படச்சில்லே நேராகப் படத்தை அனுப்புகின்றது. இதற்கும் தனியாக எதுவும் நிறுவ வேண்டியதில்லை. ஆனால் ஓர் எச்சரிக்கை: யூ.எஸ்.பி.-சி வடிவிலுள்ள எல்லாத் துளைகளும் படம் அனுப்பவல்லன அல்ல. துளையின் வடிவம் ஒன்று. அதன் உள்ளே ஓடும் கம்பிகளின் வேலை வேறு. வாங்குமுன் கணினியின் விவரக் குறிப்பைப் பார்த்தல் நன்று.

மூன்றாம் வகையே நம் மாணவியின் வீட்டிலிருந்தது. பென் டிரைவ் செருகும் சாதாரண யூ.எஸ்.பி. துளையிற் செருகுவது. அத்துளை படம் அனுப்புவதற்கென்று செய்யப்பட்டதே அன்று. அதன் வழியே படத்தை அனுப்ப வேண்டுமாயின், கணினிக்குள்ளே ஒருவர் இருந்து, திரையில் வரவேண்டிய படத்தைப் பிடித்துச் சுருக்கிப் பொதி கட்டி, யூ.எஸ்.பி. வழியே ஏற்றிவிட வேண்டும். அடாப்டரிலுள்ள சில்லு அப்பொதியை அவிழ்த்து மொனிட்டருக்குக் கொடுக்கும். கணினிக்குள் இருந்து இவ்வேலையைச் செய்பவருக்கு ஆங்கிலத்தில் 'டிரைவர்' என்று பெயர். தமிழில் 'இயக்கி' என்கின்றோம்.

டிரைவர் என்றதும் லொறியும் பஸ்ஸும் நினைவுக்கு வரும். மாணவிக்கு நாம் வேறோர் உவமை சொன்னோம். தோட்டத்துத் துரைக்குத் தொழிலாளரின் மொழி சரிவரத் தெரியாத அந்தக் காலத்தில், இரு பக்கத்துப் பேச்சையும் அறிந்த கணக்கப்பிள்ளையோ கங்காணியோ இடையில் நின்று, இன்ன மலையில் இன்ன வேலை என்று விளக்கி ஆட்களை அனுப்பினார். அவர் வராத நாளில் துரையும் இருப்பார், தொழிலாளரும் இருப்பர். வேலை மட்டும் நடவாது. இங்கே விண்டோஸ்தான் துரை. அடாப்டரின் சில்லுதான் வேலைக்காரர். இடையில் நிற்கும் துபாஷியே இயக்கி.

மாணவி சிரித்துக்கொண்டே, "அப்போ ஐயா, கங்காணி கணக்கைத் திரிச்சா?" என்று கேட்டார். நல்ல வினா. அதற்கும் பின்னால் விடையுண்டு.

பொதி கட்ட வேண்டியது ஏன்?

கணக்கில் விருப்பமுள்ள மாணவர்கள் இதைத் தாளிற் போட்டுப் பார்க்கலாம். இக்காலத்துச் சாதாரணத் திரையில் அகலவாக்கில் 1,920 புள்ளிகள், உயரவாக்கில் 1,080 புள்ளிகள். பெருக்கினால் ஏறத்தாழ 20 இலட்சத்து 74 ஆயிரம். ஒவ்வொரு புள்ளியின் நிறத்தையுஞ் சொல்ல 24 பிட்டுகள் வேண்டும். படம் நொடிக்கு 60 தடவை புதுப்பிக்கப்படுகின்றது. மூன்றையும் பெருக்கினால் நொடிக்கு ஏறத்தாழ 298 கோடி பிட்டுகள் வருகின்றன.

பழைய யூ.எஸ்.பி. 2.0 பாதையின் உச்ச வேகமோ நொடிக்கு 48 கோடி பிட்டுகளே. மாணவியின் மொனிட்டர் சிறியது. 1,024க்கு 768 புள்ளிகள். அதற்குங்கூட நொடிக்கு 113 கோடி பிட்டுகள் வேண்டும். 2008ஆம் ஆண்டில் வகுக்கப்பட்ட யூ.எஸ்.பி. 3.0 நொடிக்கு 500 கோடி பிட்டுகள் ஏற்றவல்லது எனினும், அதிலும் முழுப்பங்கு கைக்கு வருவதில்லை.

ஆகவே சுருக்கியே அனுப்ப வேண்டும். ஏறத்தாழ நாலரைக் கிலோ பச்சைக் கொழுந்து ஸ்டோருக்குட் சென்று ஒரு கிலோத் தேயிலையாகி வெளிவருவதை நம் மாணவர்கள் அறிவார்கள். பாரம் குறைந்த பின்னரே அது தொலைதூரம் போகின்றது. இயக்கியும் அவ்வாறே படத்தைச் சுருக்குகின்றது. திரையில் மாறிய பகுதியை மட்டும் தேர்ந்து அனுப்புகின்றது. இவ்வேலையைக் கணினியின் மூளையாகிய மையச் செயலியே செய்வதால், பழைய கணினிகளில் எழுத்தும் கணக்கும் நன்றாகத் தெரியும். ஓடும் திரைப்படம் சற்றே தடுமாறும். விளையாட்டுக்களுக்கு இவ்வகை ஏற்றதன்று. படிப்புக்குத் தாராளமாய்ப் போதும்.

இம்முறையைப் பெரிதும் பரப்பிய நிறுவனம் இங்கிலாந்தின் கேம்பிரிட்ஜ் நகரில் 2003ஆம் ஆண்டில் நியூன்ஹம் ரிசர்ச் என்னும் பெயரில் தொடங்கியது. 2006இல் அது டிஸ்பிளேலிங்க் என்று பெயர் மாற்றிக்கொண்டது. 2020இல் அமெரிக்காவின் சினாப்டிக்ஸ் நிறுவனம் அதனை வாங்கியது. அடாப்டரின் மேலே எந்தக் கம்பனியின் பெயர் இருந்தாலும், உள்ளே இருப்பது அந்நிறுவனத்தின் சில்லாக இருக்கலாம். வேறு நிறுவனத்தின் சில்லாகவும் இருக்கலாம். இயக்கி வேண்டியது சில்லுக்கே; பெட்டியின் மேலுள்ள பெயருக்கன்று. இவ்வுண்மையை நாம் ஒரு பிழை செய்தே கற்றோம்.

நாம் செய்த பிழை

பெட்டிக்குள் உள்ளங்கையளவான சீடி ஒன்று இருந்தது. இயக்கி அதிலேதான் இருக்கின்றது. ஆனால் மடிக்கணினியிற் சீடி போடும் வாயில் இல்லை. அடாப்டருடன் வந்த தாளோ ஆங்கிலத்திலும் சீனத்திலும் இருந்தது, தமிழில் ஓரெழுத்துமில்லை.

நாம் அந்தச் சீடியை எடுத்துக்கொண்டு பதுளைக்குத் திரும்பினோம். பழைய கணினியுள்ள சிநேகிதர் ஒருவரிடம் கொடுத்து, அதிலுள்ளவற்றைப் பென் டிரைவில் ஏற்றிக்கொண்டு மறுவாரம் மலையேறினோம். திரையின் நல்ல பாதியிற் பார்த்துப் பார்த்து நிறுவினோம். பாதித் தூரத்தில் நின்று, பிழை என்றது. மீண்டும் முயன்றோம், மீண்டும் பிழை. சீடியிலிருந்த இயக்கி பல ஆண்டுகளுக்கு முந்திய விண்டோஸ் 7 காலத்தது. கணினியில் இருந்ததோ விண்டோஸ் 10. துரை மாறிவிட்டார், பழைய கங்காணியின் பேச்சு புதுத் துரைக்கு விளங்கவில்லை.

வெறுங்கையோடு இறங்கி வந்தோம். அந்த மாணவி ஒன்றுஞ் சொல்லவில்லை. ஆனால் பழைய வினாத்தாளொன்றைத் திரையின் வலப்பாதியில் வைத்து, வரிவரியாய் இழுத்து இழுத்து வாசித்துக்கொண்டிருந்ததைப் பார்த்துவிட்டு வந்த நமக்கு அன்றிரவு நல்ல உறக்கமில்லை. முதல் நாளே இரண்டு காரியங்களைப் பார்த்திருந்தால் ஒரு வாரம் வீணாகியிராது. விண்டோஸ் எந்தப் பதிப்பு என்பது ஒன்று. சில்லு யாருடையது என்பது மற்றொன்று.

சில்லை அறியும் வழி எளிது. அடாப்டரைச் செருகிவிட்டு, விண்டோஸின் தொடக்கப் பொத்தானை வலப்பக்கமாகச் சொடுக்கினால் ஒரு பட்டியல் வரும். அதில் 'டிவைஸ் மனேஜர்' என்பதைத் திறக்க வேண்டும். கணினியோடு இணைந்துள்ள எல்லா உறுப்புக்களின் இடாப்பு அது. துபாஷி இல்லாத உறுப்பின்மேல் மஞ்சள் முக்கோணம் ஒன்று காணப்படும். அதனை வலப்பக்கமாகச் சொடுக்கிப் 'புரொப்பர்டீஸ்', பின்னர் 'டீட்டெயில்ஸ்', அதனுள் 'ஹாட்வெயார் ஐடீஸ்' என்று சென்றால் நீண்டதொரு எழுத்துக்கோவை தெரியும். அதில் வி.ஐ.டி. என்பதை அடுத்து வரும் நான்கு குறிகளே சில்லைச் செய்தவரின் அடையாளம். 17 என்னும் எண், ஆங்கில நெடுங்கணக்கின் ஐந்தாம் எழுத்து, பின்னர் 9 என்று இருந்தால் அது டிஸ்பிளேலிங்க். 0711 என்றிருந்தால் அது மஜிக் கொன்ட்ரோல் டெக்னோலஜி என்னும் வேறு நிறுவனத்தது. ஒன்றின் இயக்கி மற்றொன்றுக்கு ஒருபோதும் உதவாது.

மூன்றாம் பயணம்

நம் மாணவியின் அடாப்டர் டிஸ்பிளேலிங்க் சில்லையுடையது. இம்முறை சில்லு செய்தவரின் சொந்தத் தளத்திலிருந்தே விண்டோஸ் 10க்குரிய இயக்கியைப் பதுளையிற் பதிவிறக்கி எடுத்துச் சென்றோம். இணைய வசதியுள்ள வீடுகளில் இவ்வளவும் வேண்டியதில்லை. அடாப்டரைச் செருகிச் சிறிது நேரம் பொறுத்தால், விண்டோஸ் அப்டேட் தானாகவே டிஸ்பிளேலிங்க் இயக்கியைத் தேடிக் கொண்டுவந்துவிடும். ஆனால் 2020, 2021ஆம் ஆண்டுகளிற் பாடசாலைகள் மூடியிருந்தபோது, மலையுச்சிகளில் ஏறித் தொலைபேசியில் அலை தேடிய பிள்ளைகளைக் கண்ட நமக்கு, எல்லா வீட்டிலும் இணையம் உண்டு என்று எழுதக் கை வரவில்லை.

முதலில், பாதியில் நின்ற பழைய இயக்கியை நீக்கினோம். கணினியை மறுபடி தொடக்கினோம். அடாப்டரைக் கழற்றி வைத்துவிட்டுப் புதியதை நிறுவினோம். பிறகு அடாப்டரைச் செருகினோம். மொனிட்டர் ஒருமுறை சிமிட்டியது. நீல நிறத்தில் ஒரு படம் எழுந்தது. வாயிலில் நின்ற அயல் வீட்டுச் சிறுவர்கள் ஆரவாரம் செய்தார்கள்.

ஆரவாரம் அடங்குமுன் அடுத்த இடர் வந்தது. மொனிட்டரில் வெறும் பின்னணிப் படம் மட்டுமே இருந்தது. எதைத் திறந்தாலும் அது உடைந்த திரையிலேயே திறந்தது. இதுவும் கோளாறன்று. விண்டோஸ் இரண்டாம் திரையை முதல் திரையின் நீட்சியாகக் கொண்டுவிட்டது, அவ்வளவே. விண்டோஸ் விசையை அழுத்தியபடி பீ விசையைத் தட்டினால் நான்கு தெரிவுகள் வரும். கணினித் திரை மட்டும், இரண்டிலும் ஒரே படம், நீட்சி, இரண்டாம் திரை மட்டும். மாணவி கீழ்நோக்கிய அம்பு விசையால் நான்காவதைத் தெரிந்து என்டர் விசையை அழுத்தினார். கணினி முழுவதும் பழைய மொனிட்டருக்குக் குடிபெயர்ந்தது.

மூன்றாவது இடர், படம் இடையிடையே அணைந்து அணைந்து வந்தது. அடாப்டர் நேராகக் கணினியில் இல்லாமல், எலிக்கும் விசைப்பலகைக்குமாக வைத்திருந்த நான்கு வாய்க் கிளைப்பெட்டியிற் செருகப்பட்டிருந்தது. யூ.எஸ்.பி. 2.0 துளை ஒன்று விதிப்படி கொடுப்பது 500 மில்லி அம்பியர் மின்னோட்டம், 3.0 துளை 900. கிளைப்பெட்டி அந்தச் சிறு ஓட்டத்தை எல்லாவற்றுக்கும் பங்கிடுகின்றது. ஒரு வாய்க்காலில் நாலு வயலுக்கு நீர் பாய்ச்சினால் கடைவயல் வாடாதா? அடாப்டரைப் பிடுங்கி, உள்ளே நீல நாக்குடைய துளையில் நேராகச் செருகினோம். அத்தகைய துளை பெரும்பாலும் 3.0 ஆக இருக்கும். படம் நிலைத்தது.

ஓர் உண்மையை இங்கே மறையாது சொல்ல வேண்டும். கணினி கண்விழிக்கும் முதற் கணங்களில், இயக்கி எழுந்து வேலைக்கு வரும்வரை, இவ்வகை அடாப்டர் எதையுங் காட்டாது. ஆதலின் திரை முழுவதும் உடைந்த கணினிக்கு இதனை நம்பி வாங்குவோர், முதலில் நிறுவுவதற்காவது எச்.டி.எம்.ஐ. துளை வழியே வேறொரு மொனிட்டரை இரவல் பெற வேண்டும். நம் மாணவிக்குப் பாதித் திரை இருந்தமையாலேயே காரியம் கைகூடியது. எச்.டி.எம்.ஐ. துளை நலமாயிருக்கும் கணினிக்கோ இந்த மூன்றாம் வகையே வேண்டியதில்லை. முதல் வகை அடாப்டர் போதும்.

படம் வராதபோது

இத்தகைய அடாப்டரை வைத்திருப்போர் படம் வராதபோது கவனிக்க வேண்டியவற்றை முறையாகத் தருகின்றோம்.

முதலாவது, மொனிட்டருக்கு மின்சாரம் வருகின்றதா, வயர் இரு முனையிலும் இறுகியிருக்கின்றதா என்று பாருங்கள். கேலியன்று; பல வீடுகளில் நோய் இதுவே.

இரண்டாவது, அடாப்டரைக் கிளைப்பெட்டியிலிருந்து எடுத்து நேராகக் கணினியிற் செருகுங்கள். வேறொரு துளையிலும் செருகிப் பாருங்கள்.

மூன்றாவது, விண்டோஸ் விசையையும் பீ விசையையும் சேர்த்து அழுத்தித் திரைத்தெரிவைச் சரிபாருங்கள்.

நான்காவது, டிவைஸ் மனேஜரைத் திறந்து மஞ்சள் முக்கோணத்தின் உள்ளே எழுதியிருக்கும் எண்ணை வாசியுங்கள். 28 என்றால் இயக்கியே நிறுவப்படவில்லை. 43 என்றால் உறுப்பு ஏதோ தவறிவிட்டதாக அறிவிக்கின்றது. கழற்றிச் செருகி, கணினியை மறுபடி தொடக்கிப் பார்க்க வேண்டும். 52 என்றால் இயக்கியில் உள்ள கையொப்பத்தை விண்டோஸ் ஏற்கவில்லை. அத்தகைய இயக்கியை வற்புறுத்தி நிறுவாதீர்கள்.

ஐந்தாவது, நேற்றுவரை வந்த படம் விண்டோஸ் தன்னைப் புதுப்பித்துக்கொண்ட பிறகு நின்றுபோனால், இயக்கியை முழுதாக நீக்கி, மறுபடி தொடக்கி, புதிய பதிப்பை நிறுவுங்கள். அல்லது டிவைஸ் மனேஜரிலே 'ரோல் பாக் டிரைவர்' என்னும் தெரிவு ஒளிர்ந்தால், அதனால் முந்திய இயக்கிக்குத் திரும்பலாம்.

விண்டோஸ் 10க்கு அளித்துவந்த பொது ஆதரவை மைக்ரோசொப்ட் நிறுவனம் 2025 அக்டோபர் 14ஆம் நாளுடன் நிறுத்திவிட்டது. அக்கணினிகள் வேலை செய்வதை நிறுத்தவில்லை. எனினும் ஓடிக்கொண்டிருக்கும் இயக்கியின் பிரதி ஒன்றைப் பென் டிரைவில் பத்திரப்படுத்தி வைத்துக்கொள்வது விவேகம்.

லினக்ஸ் பாவிக்கும் மாணவர்களுக்கும் ஒரு வார்த்தை. பழைய யூ.எஸ்.பி. 2.0 டிஸ்பிளேலிங்க் சில்லுகள் பலவற்றுக்கு இயக்கி லினக்ஸின் கருவுக்குள்ளேயே இருக்கின்றது. புதிய சில்லுகளுக்கு ஈ.வி.டி.ஐ. என்னும் தனிப்பகுதி வேண்டும். கரு புதுப்பிக்கப்படும்போதெல்லாம் அதுவும் மறுபடி கட்டப்பட வேண்டும். 'செக்யூர் பூட்' என்னும் காவல் இயங்கும் கணினியில் அதற்கு ஒப்பமிட்டு அனுமதியும் பெற வேண்டும். புதுப்பித்தபின் திரை இருண்டால் முதலில் இங்கே தேடுங்கள்.

கணக்கைத் திரிக்கும் கங்காணி

மாணவி கேட்ட வினாவுக்கு இப்போது வருவோம். இயக்கி என்பது கணினியின் உள்ளறைவரை செல்லும் உரிமை பெற்றது. நம்பிக்கைக்குரியவராயின் நன்று. இல்லையாயின்? இணையத்திலே இயக்கி என்று தேடினால், சில்லு செய்தவரின் தளத்துக்கு மேலேயே பளபளக்கும் விளம்பரங்கள் பல நிற்கும். "உங்கள் கணினியில் இருபது பழுதுகள் உள, இதோ தீர்க்கின்றோம்" என்பவை அவற்றுட் பல. அவற்றை நிறுவினால் வேண்டாத விளம்பரங்களும், சில வேளைகளிற் கோப்புக்களைப் பூட்டிவிட்டுப் பணம் கேட்கும் கொடிய நிரல்களும் உட்புகும். பிள்ளையின் குறிப்புக்கள் அத்தனையும் ஒரே இரவிற் போய்விடலாம்.

ஆகவே இயக்கியைப் பெற மூன்றே வழிகள்: விண்டோஸ் அப்டேட், சில்லு செய்தவரின் தளம், அடாப்டர் செய்தவரின் தளம். நான்காவது வழி இல்லை. இயக்கிக்கென்று பணம் கேட்பவரிடம் ஒரு சதமுங் கொடுக்க வேண்டாம். இணையம் இல்லாதவர்கள், பாடசாலைக் கணினி ஆசிரியரிடமோ, கல்வி வலயத்தின் கணினி வள நிலையத்திலோ கேட்டுப் பென் டிரைவில் எடுத்துக்கொள்ளலாம்.

ஒரு கொப்பி

சென்ற வாரம் அம்மாணவியிடமிருந்து இரண்டாம் கடிதம் வந்தது. பாடசாலையிலே கணினியை இணையத்தோடு இணைத்தபோது விண்டோஸ் தன்னைப் புதுப்பித்துக்கொண்டதாம். வீட்டுக்கு வந்து செருகியதும் மொனிட்டர் மறுபடியும் இருண்டதாம். "ஐயாவுக்கு எழுதலாம் என்று பேனாவை எடுத்தேன். பிறகு கொப்பியைப் பார்த்து நானே செய்தேன். முக்கால் மணித்தியாலம் சென்றது. படம் வந்துவிட்டது," என்று எழுதியிருந்தார்.

அந்தக் கொப்பி எது என்று நேயர்கள் கேட்கக் கூடும். நாம் மூன்றாம் முறை சென்றிருந்தபோது, ஒவ்வோர் அடியையும் அம்மாணவி தம் அப்பியாசக் கொப்பியிலே தமிழில் எழுதிக்கொண்டார். எந்தத் துளை, எந்த விசை, எந்த எண், எந்தச் சொல் எந்த இடத்தில் தோன்றும் என்பனவெல்லாம் அதில் உண்டு. ஆங்கிலச் சொற்களைத் தமிழெழுத்திலேயே எழுதி, பக்கத்திற் பொருளும் எழுதியிருந்தார். அடாப்டர் செய்தவர்கள் பெட்டிக்குள் வைக்க மறந்த தாள் அதுவே. இப்போது அக்கொப்பி தம்மிடம் இல்லை என்றும், அடுத்த லயத்தில் இதே மாதிரி அடாப்டர் வாங்கிய அண்ணன் ஒருவர் பிரதி செய்வதற்கு எடுத்துச் சென்றிருக்கின்றார் என்றும் கடிதத்தின் கடைசி வரியில் இருந்தது.

தோட்டத்து மக்கள் தமக்கு விளங்காத மொழியிலிருந்த காகிதங்களிற் கைநாட்டு வைத்த காலம் ஒன்று இருந்தது. அதில் என்ன எழுதியிருக்கின்றது என்பதை இடையில் நின்றவர் சொன்னதே கணக்கு. அத்தகைய ஒரு லயத்திலே, ஒரு பெண்பிள்ளை இயந்திரத்தின் பேச்சைத் தானே கேட்டறிந்து, தன் மொழியில் எழுதி, அயலாருக்கும் கொடுக்கின்றாள் என்பது சிறிய காரியமன்று. நேயர்களுட் கணினி அறிந்தவர்கள் ஒவ்வொருவரும், அடுத்த முறை ஓர் அயல் வீட்டில் ஏதேனும் ஒன்றைத் திருத்திக் கொடுக்கும்போது, திருத்திவிட்டு எழுந்து வராமல், அவ்வீட்டுப் பிள்ளையின் கையிற் பேனாவைக் கொடுத்து எழுதச் சொல்லிவிட்டு வாருங்கள்.

பரீட்சைக்கு இன்னும் ஏழு வாரங்கள் இருக்கின்றன. அம்மாணவிக்கு நம் வாழ்த்துக்கள். அடுத்த ஞாயிறு மீண்டும் சந்திப்போம்.